பதவி உயர்வு மறுக்கப்பட்டது: எதை, எங்கே, எத்தனை நாளுக்குள் கேட்க வேண்டும்?

கேள்வி: நெல்லை–டர்பன்

அனைவருக்கும் வணக்கம். திருநெல்வேலியிலிருந்து வந்து, தென்னாப்பிரிக்காவின் குவாசுலு-நட்டாலில் ஒரு பல்கலைக்கழகத்தில் ஒன்பது ஆண்டுகளாகப் பணியாற்றுகிறேன். முதுநிலை விரிவுரையாளராக இருக்கும் நான் இணைப் பேராசிரியர் நிலைக்கு விண்ணப்பித்திருந்தேன். இது காலியிடத்துக்கான போட்டியன்று. தகுதிகளை நிறைவு செய்தவர் யாராயினும் விண்ணப்பிக்கக்கூடிய தனிநபர் பதவி உயர்வு, இங்கே எல்லோரும் 'ஆட் ஹோமினம்' என்று சொல்வது. கற்பித்தல், ஆய்வு, சமூகப் பணி, நிர்வாகம் என்ற நான்கு தலைப்புகளிலும் 140 பக்கக் கோப்பு ஒன்றைத் தயாரித்துக் கொடுத்தேன்.

எங்கள் பீடக் குழு என்னைப் பரிந்துரைத்தது. அதற்கு மேலுள்ள பல்கலைக்கழகக் குழு மறுத்துவிட்டது. எனக்கு வந்த கடிதத்தில் இரண்டே வரிகள்தான் இருந்தன: விண்ணப்பம் கவனமாகப் பரிசீலிக்கப்பட்டது என்பது ஒன்று, இம்முறை அது வெற்றி பெறவில்லை என்பதை வருத்தத்துடன் தெரிவித்துக்கொள்கிறோம் என்பது மற்றொன்று. காரணம் என்று ஒரு சொல்கூட இல்லை.

பிறகு எனக்குத் தெரியவந்தவை இரண்டு. இரண்டு ஆண்டுகளுக்கு முன் பாடச்சுமைப் பங்கீடு குறித்து எங்கள் துறைத்தலைவர்மீது நான் எழுத்துமூலம் முறையிட்டிருந்தேன்; அவர் அந்த மேற்குழுவில் உறுப்பினராக அமர்ந்திருக்கிறார். அடுத்து, நான் விண்ணப்பித்து ஆறு வாரங்கள் கழித்து ஒரு சுற்றறிக்கை வந்தது. இணைப் பேராசிரியர் நிலைக்கு வருபவர் முதன்மை நெறியாளராக இருந்து முனைவர் பட்ட மாணவர் ஒருவரையாவது பட்டம் பெறச் செய்திருக்க வேண்டும் என்று அது சொல்கிறது. நான் விண்ணப்பித்த நாளில் நடைமுறையில் இருந்த விதியில் அப்படி ஒரு நிபந்தனை இல்லை. என் மாணவி ஆய்வேட்டைச் சமர்ப்பித்துவிட்டார். பட்டமளிப்பு இன்னும் நடக்கவில்லை.

கடிதம் வந்து இன்றோடு 64 நாட்கள். மனிதவளப் பிரிவில் கேட்டால், உள் மேல்முறையீடு செய்யலாம், அது முடிய மூன்று நான்கு மாதமாகும் என்கிறார்கள். ஊரில் என்றால் உயர்நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம் என்று எவரும் சொல்லிவிடுவார்கள். இங்கே எங்கே போவது என்று எனக்குத் தெரியவில்லை. நான் இந்நாட்டுக் குடிமகள் அல்லள். வேலை விசாவில் இருப்பவள் முறையிடலாமா என்ற அச்சமும் இருக்கிறது. என் ஆய்வின் தரத்தை நிறுவ எத்தனை ஆவணங்கள் வேண்டுமானாலும் தர முடியும். விவரம் தெரிந்தவர்கள் வழிகாட்டினால் நன்றியுடையவளாக இருப்பேன்.

பதில் 1: சங்கப் பணியாளர், பீனிக்ஸ்

சகோதரி, முதலில் நாள்கணக்கைப் பார்த்துவிடுவோம், மற்றவை பிறகு. 1995ஆம் ஆண்டின் தொழிலுறவுச் சட்டம், பிரிவு 186(2)(அ), பதவி உயர்வு தொடர்பாக முதலாளி நியாயமின்றி நடந்துகொள்வதை 'நியாயமற்ற தொழில் நடைமுறை' என்று வகைப்படுத்துகிறது. அதை சி.சி.எம்.ஏ.க்கு, அதாவது தொழில் தகராறுகளில் சமரசமும் நடுவர் விசாரணையும் நடத்தும் ஆணையத்துக்கு, எடுத்துச் செல்ல பிரிவு 191 உங்களுக்கு 90 நாட்கள் தருகிறது. பணிநீக்கத்துக்கு 30 நாள், இதற்கு 90 நாள். அந்தச் செயல் நடந்த நாளிலிருந்தோ, அது உங்களுக்குத் தெரியவந்த நாளிலிருந்தோ எண்ண வேண்டும். உங்கள் கையில் 26 நாட்கள் இருக்கின்றன. உள் மேல்முறையீடு போட்டால் இந்தக் கணக்கு நின்றுவிடும் என்று தயவுசெய்து நம்பியிருக்காதீர்கள். கெடு தவறினால் தாமதத்தை மன்னிக்கும்படி விண்ணப்பித்து, எத்தனை நாள் தாமதம், ஏன் தாமதம், வழக்கில் வெல்லும் வாய்ப்பு எவ்வளவு, மறுதரப்புக்கு என்ன பாதிப்பு என்று எல்லாவற்றையும் விளக்க வேண்டியிருக்கும். நல்ல வழக்குகள் இந்த வாசற்படியிலேயே விழுந்துபோனதைப் பார்த்திருக்கிறேன். பார்க்கும்போது வயிறு எரியும்.

எனவே உள் மேல்முறையீட்டையும் போடுங்கள், தகராறைப் பதிவு செய்யும் சி.சி.எம்.ஏ. படிவம் 7.11ஐயும் போடுங்கள். ஒன்று மற்றொன்றைத் தடுக்காது. சமரசப் பேச்சுக்குச் சட்டம் 30 நாட்கள் ஒதுக்குகிறது. இரு தரப்பும் ஒப்புக்கொண்டால் அதை நீட்டிக்கலாம். பல்கலைக்கழகம் உள்ளேயே தீர்க்க மனதார விரும்பினால் நீட்டிப்புக்குச் சம்மதிக்கும். சமரசத்தில் பேசுவது அந்த அறையோடு முடிந்துவிடும். பின்னால் அதை உங்களுக்கு எதிராகப் பயன்படுத்த முடியாது. தீரவில்லை என்றால் ஆணையர் சான்றிதழ் தருவார். அதிலிருந்து 90 நாட்களுக்குள் நடுவர் விசாரணை கோர வேண்டும். கட்டணம் எதுவும் இல்லை. சமரசத்தில் வழக்கறிஞர் வர முடியாது. உங்கள் தொழிற்சங்கப் பிரதிநிதி வரலாம்.

விசாவைப் பற்றிய அச்சத்தை விட்டுவிடுங்கள். தொழிலுறவுச் சட்டம் பணியாளரைப் பார்க்கிறது, குடியுரிமையைப் பார்ப்பதில்லை. 2008இல் டிஸ்கவரி ஹெல்த் வழக்கில், செல்லுபடியாகும் அனுமதி இல்லாமல் வேலை பார்த்தவரும் இச்சட்டத்தின் கண்ணில் பணியாளரே என்று தொழில் நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. முறையான விசாவில் இருக்கும் உங்களுக்கு அதில் என்ன தடை?

அடுத்து நான் சொல்லப்போவது உங்களுக்குக் கசக்கலாம். உங்கள் ஆய்வு எவ்வளவு உயர்ந்தது என்று நிறுவ ஆவணங்கள் சேர்க்காதீர்கள். பதவி உயர்வு என்பது உரிமை அன்று, அதற்காகப் போட்டியிட நியாயமான வாய்ப்புப் பெறுவதே உரிமை என்று தொழில் மேல்முறையீட்டு நீதிமன்றம் 2012இல் நூனன் வழக்கில் தெளிவாகச் சொல்லிவிட்டது. நடுவர் பேராசிரியர் அல்லர். உங்கள் கட்டுரைகளைப் படித்து இவர் இணைப் பேராசிரியருக்குத் தகுதியானவர் என்று தீர்ப்பளிக்க அவர் துணியமாட்டார், துணியவும் கூடாது. குழு தன் விருப்புரிமையை மனம்போன போக்கிலோ, அற்பக் காரணத்துக்காகவோ, தவறான கொள்கையின்மேலோ, பாரபட்சத்துடனோ பயன்படுத்தியதா என்பதைத்தான் 2006இல் ஏரீஸ் வழக்கு பார்க்கச் சொல்கிறது. ஒட்டுமொத்த நியாயமே அளவுகோல் என்று பின்னால் வந்த தீர்ப்பும் உண்டு. எப்படியானாலும் நியாயமின்மையை நிறுவும் பொறுப்பு உங்களுடையதுதான். உங்களிடம் உள்ள இரண்டு செய்திகளும், அதாவது துறைத்தலைவர் அமர்ந்ததும் விதி நடுவில் மாறியதும், நடைமுறை பற்றியவை. 140 பக்கக் கோப்பைவிட இந்த இரண்டும் கனமானவை.

பதில் 2: ஓய்வு பெற்ற ஆசிரியர், சாட்ஸ்வர்த்

அம்மா, நான் மேசையின் மறுபக்கத்தில் இருந்தவன். பதவி உயர்வுக் குழுக்களில் பல ஆண்டுகள் அமர்ந்திருக்கிறேன். எந்தக் கல்வி நிலையம் என்பது இங்கே வேண்டாம். சங்கத் தம்பி சொன்ன சட்டத்தோடு, அந்த அறைக்குள் நடப்பதையும் நீங்கள் தெரிந்துகொள்வது நல்லது.

பிற்பகல் இரண்டு மணிக்குக் கூட்டம் தொடங்கும். மேசைமேல் பதினேழு கோப்புகள். முதல் நான்கு கோப்புகளுக்கு ஒன்றரை மணி நேரம் பேசுவோம். கடைசி ஐந்து கோப்புகள் வரும்போது வெளியே கார்கள் கிளம்பும் சத்தம் கேட்கும். ஒவ்வொன்றும் ஆறேழு நிமிடத்தில் முடிந்துவிடும். ஒருமுறை ஒருவருடைய மாணவர் மதிப்பீட்டுத் தாள்கள் பிற்சேர்க்கையில் இடம் மாறிக் கோக்கப்பட்டிருந்தன. அவை இல்லவே இல்லை என்று எண்ணிக் கற்பித்தலில் சான்று போதாது என எழுதவிருந்தார்கள். இளம் உறுப்பினர் ஒருவர் பக்கங்களை மறுபடியும் புரட்டியதால் அந்த மனிதர் தப்பினார். புரட்டாமல் விடப்பட்ட கோப்புகள் எத்தனை என்று நினைத்தால் இன்றும் எனக்கு மனம் கனக்கிறது. குழுவுக்குக் கெட்ட எண்ணம் இல்லாமலேயே அநியாயம் நடக்கும் என்பதால்தான் காரணத்தை எழுதித் தரச் சொல்ல வேண்டும். எழுத உட்கார்ந்தால்தான் மறுபடி புரட்டுவார்கள்.

விலகி இருப்பதைப் பற்றியும் ஒன்று சொல்கிறேன். எங்கள் குழுவில் ஓர் அம்மையார் இருந்தார். தன்னோடு சேர்ந்து நூல் எழுதியவரின் கோப்பு வந்ததும் பேனாவையும் கண்ணாடியையும் மேசையிலேயே வைத்துவிட்டு எழுந்து வெளியே போவார். செயலாளர் 4.10க்கு வெளியேறினார், 4.25க்குத் திரும்பினார் என்று குறிப்பில் எழுதுவார். பின்னாளில் அந்தப் பதவி உயர்வைப் பற்றி ஒருவர் கேள்வி எழுப்பியபோது, அந்த ஒரு வரிதான் முடிவைக் காப்பாற்றியது. உங்கள் துறைத்தலைவர் விஷயத்தில் அப்படி ஒரு வரி இருக்கிறதா என்று கேளுங்கள். அவர் அமர்ந்திருந்தார் என்று நடைபாதையில் கேட்டதை வைத்து வாதிட முடியாது. அவர் தம் கருத்தைச் சொல்லிவிட்டு, வாக்கெடுப்பின்போது மட்டும் வெளியேறியிருக்கவும் கூடும். அது விலகியதாகாது என்பது என் உறுதியான எண்ணம், ஏனென்றால் கேடு பேச்சிலேயே முடிந்துவிடுகிறது.

ஆனால் குழுவின் பக்கத்து நியாயத்தையும் சொல்லியாக வேண்டும். துறைத்தலைவரை அறவே விலக்கிவிட்டால் உங்கள் கற்பித்தலை அருகிலிருந்து கண்டவர் அந்த அறையில் எவரும் இருக்கமாட்டார். அதனால் அவர் அறிக்கை தருவது தவறன்று. அந்த அறிக்கை உங்களுக்குக் காட்டப்பட்டதா, உங்களுக்குப் பாதகமாக ஏதேனும் அதில் இருந்தால் பதில் சொல்ல வாய்ப்புத் தரப்பட்டதா என்பதுதான் கேள்வி. அதுபோலவே முனைவர் மாணவர் நிபந்தனையும் தன்னளவில் நியாயமானதே. அடுத்த சுற்றுக்கு அதை வைக்கப் பல்கலைக்கழகத்துக்கு முழு உரிமை உண்டு. ஓட்டம் தொடங்கிய பிறகு எல்லைக்கோட்டைத் தள்ளி வைத்ததுதான் தவறு. உங்கள் கடிதத்தில் நிபந்தனையைக் குறை சொல்லாமல், அது பொருந்தத் தொடங்கும் நாளை மட்டும் கேள்வி கேளுங்கள். குழுவில் உள்ள நல்லவர்கள் உங்கள் பக்கம் வர அது இடம் கொடுக்கும்.

பதில் 3: யாழ்–ஜொகனஸ்பேர்க்

அக்கா, ரிட் மனு பற்றி நீங்கள் கேட்டதற்கு ஒருவரும் பதில் எழுதவில்லை. இலங்கையில் எங்களுக்குப் பல்கலைக்கழகச் சேவைகள் மேன்முறையீட்டுச் சபை என்று தனியே ஒன்று 1978ஆம் ஆண்டின் சட்டத்தின் கீழ் உண்டு. இந்தியாவில் உயர்நீதிமன்றம் உண்டு. அந்தப் பழக்கத்தில் இங்கு வருகிறவர்கள், இந்நாட்டு அரசமைப்பின் 33ஆம் பிரிவு நியாயமான நிர்வாக நடவடிக்கைக்கு உரிமை தருகிறது, பல்கலைக்கழகம் ஒரு பொது அமைப்பு, ஆகவே உயர் நீதிமன்றத்துக்குப் போகலாம் என்று எண்ணுவது இயல்பு. நானும் அப்படித்தான் எண்ணியிருந்தேன்.

அந்தக் கதவை அரசமைப்பு நீதிமன்றம் 2009 ஒக்டோபரில் க்சாபா வழக்கில் சாத்திவிட்டது. க்சாபா என்பவர் கிரஹாம்ஸ்டவுனில், இன்றைய மகாண்டாவில், பணியாற்றிய பொலிஸ் அதிகாரி. நிலையப் பொறுப்புப் பதவி தரமுயர்த்தப்பட்டபோது விண்ணப்பித்து, நேர்முகத்துக்கும் சென்று, தெரிவு செய்யப்படாமல் போனார். அத்துறையின் முதலாளி–தொழிற்சங்கத் தகராறுகளைத் தீர்க்கும் பேரப் பேச்சு மன்றத்தில் தொடங்கிய வழக்கை விட்டுவிட்டு உயர் நீதிமன்றத்துக்குப் போனார். பதவியுயர்வு தராமை என்பது பொதுவாக நிர்வாக நடவடிக்கை ஆகாது, அது தொழில் உறவுச் சங்கதி, 23ஆம் பிரிவு தரும் நியாயமான தொழில் நடைமுறை உரிமைக்காகச் சட்டம் வகுத்த வழியில்தான் போக வேண்டும் என்று நீதிமன்றம் தீர்த்தது. ஆகவே உயர் நீதிமன்றத்துக்கென்று காசையும் காலத்தையும் விரயம் செய்யாதீர்கள். பாடசாலை ஆசிரியர்களுக்கு இங்கே தனியான பேரப் பேச்சு மன்றம் இருக்கிறது. பல்கலைக்கழக ஆசிரியர்களுக்கு சி.சி.எம்.ஏ.தான்.

ஆவணம் கேட்பதைப் பற்றி. 2000ஆம் ஆண்டின் தகவல் பெறும் சட்டத்தின் கீழ், இங்கே 'பயா' என்று சொல்வது, உங்கள் விண்ணப்பம் தொடர்பான கூட்டக் குறிப்பு, வருகைப் பதிவு, துறைத்தலைவரின் அறிக்கை, வெளி மதிப்பீட்டாளர் அறிக்கைகள் ஆகியவற்றைக் கேளுங்கள். பதில் தர அவர்களுக்கு 30 நாட்கள் உண்டு. உங்களிடம் இருப்பதோ 26 நாட்கள். அதனால் ஆவணம் வரட்டும் என்று படிவத்தைத் தள்ளிப் போடாதீர்கள். வெளி மதிப்பீட்டாளர் அறிக்கையை அவர்கள் மறுக்கலாம். இரகசியம் காப்பதாக வாக்களித்துப் பெற்ற மதிப்பீட்டை மறுக்க 44ஆம் பிரிவு இடம் கொடுக்கிறது. ஆனால் மறைக்க வேண்டிய பகுதியை மறைத்துவிட்டு மிச்சத்தைத் தர வேண்டும் என்று 28ஆம் பிரிவு சொல்கிறது. வருகைப் பதிவில் என்ன இரகசியம் இருக்க முடியும்? அதை மறுக்க அவர்களுக்குக் காரணம் கிடையாது. பின்னர் நடுவர் விசாரணை நடக்கும்போது, ஆவணத்தைக் கொண்டுவரும்படி அழைப்பாணை பிறப்பிக்க ஆணையருக்கு அதிகாரமும் உண்டு.

என்ன நிவாரணம் கேட்பது என்பதில்தான் பலரும் தவறுகிறார்கள். 'என்னை இணைப் பேராசிரியர் ஆக்குங்கள்' என்று மட்டும் எழுதினால், நியாயக்கேடு நடந்திராவிட்டால் அப்பதவி உங்களுக்குத்தான் கிடைத்திருக்கும் என்பதை நீங்கள் நிறுவ வேண்டும். 2008இல் குவாடுகுசா நகரசபை வழக்கு அந்தக் காரண–காரியத் தொடர்பைக் கேட்டது. காலியிடப் போட்டியில் இது மிகக் கடினம், ஏனென்றால் மற்ற எல்லோரையும்விட நீங்களே சிறந்தவர் என்று காட்ட வேண்டும். உங்களுடையது ஆட் ஹோமினம் என்பதால் போட்டியாளர் இல்லை. பழைய விதியின் நிபந்தனைகளை நிறைவு செய்தீர்கள் என்று காட்டினால் போதும். பீடக் குழுவின் பரிந்துரை அதற்குச் சான்று. அப்படியிருந்தும் முதற் கோரிக்கையாக வேறொன்றை வையுங்கள்: விண்ணப்பித்த நாளில் இருந்த விதியின்படி, அந்தத் துறைத்தலைவர் இல்லாத புதிய குழு ஒன்று மறுபடி பரிசீலித்து, எழுத்தில் காரணம் தர வேண்டும். எந்த ஆணையரும் தயக்கமின்றித் தரக்கூடிய கட்டளை இது. அது இயலாவிட்டால் இழப்பீடு. அதற்கு உச்சவரம்பு பன்னிரண்டு மாதச் சம்பளம்.

சங்கத்து அண்ணையோடு ஓரிடத்தில் எனக்கு உடன்பாடில்லை. ஆய்வுச் சான்றை முற்றாக விட்டுவிடச் சொல்கிறார். பழைய விதியின் ஒவ்வொரு நிபந்தனைக்கும் எதிரே உங்கள் சான்று எது என்று இரண்டு பக்கத்தில் ஓர் அட்டவணை கட்டாயம் வேண்டும். தரத்தை நிறுவ அன்று. நிபந்தனை நிறைவேறியதைக் காட்ட. அது இல்லாவிட்டால், எப்படியும் இவருக்குக் கிடைத்திராது என்று எதிர்த்தரப்பு ஒரே வரியில் முடித்துவிடும்.

பாகுபாடு என்ற குற்றச்சாட்டைப் பற்றியும் ஒரு வார்த்தை. வேலைவாய்ப்புச் சமத்துவச் சட்டத்தின் கீழ் இனம், மொழி, பிறப்பு முதலான காரணங்களுக்காக ஒதுக்கப்பட்டால் ஆறு மாதத்துக்குள் தனியே முறையிடலாம். ஆனால் நீங்கள் எழுதியதில் அதற்கான அடையாளம் எதுவும் எனக்குத் தெரியவில்லை. சான்றில்லாமல் அதைச் சேர்த்தால் உங்கள் வலுவான இரண்டு புள்ளிகளும் அதன் சத்தத்தில் அமுங்கிப்போகும்.

கேட்டவர்: நெல்லை–டர்பன் (ஒன்பது நாட்களுக்குப் பிறகு)

மூவருக்கும் என் மனமார்ந்த நன்றி. சாட்ஸ்வர்த் ஐயா சொன்னபடி ஒரு பக்கக் கடிதம் எழுதினேன். நிபந்தனையைக் குறை சொல்லாமல், அது எந்த நாளிலிருந்து பொருந்தும் என்று மட்டும் கேட்டேன். எதிர்பாராத வகையில் நான்காம் நாளே வருகைப் பதிவின் நகலும் கூட்டக் குறிப்பில் என்னைப் பற்றிய பத்தியும் வந்துவிட்டன. பதிவில் துறைத்தலைவரின் கையெழுத்து இருக்கிறது. 'நலன் முரண் அறிவித்தல்' என்ற கட்டம் எல்லோருக்கும் நேரே வெறுமையாக இருக்கிறது. என்னைப் பற்றிய பத்தியில் மூன்று வரிகள். மூன்றாவது வரி: முனைவர் நெறியாள்கை நிபந்தனை நிறைவேறவில்லை. அதாவது சுற்றறிக்கையில் உள்ள நிபந்தனையேதான்.

அந்தத் தாளை மேசையில் வைத்து நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். என் உழைப்பு போதவில்லையோ என்று இரண்டு மாதங்களாக என்னையே குடைந்துகொண்டிருந்த எனக்கு, அந்த மூன்றாம் வரியைப் படித்ததும் மூச்சுவிட முடிந்தது. உள் மேல்முறையீட்டை நேற்று கொடுத்துவிட்டேன். படிவம் 7.11ஐ நிரப்பி வைத்திருக்கிறேன், இன்று 73ஆம் நாள். தகராறு எழுந்த நாள் என்ற இடத்தில் குழு கூடிய நாளை எழுதுவதா, கடிதம் என் கைக்கு வந்த நாளை எழுதுவதா? அனுப்பும் முறையில் கவனிக்க வேண்டியது ஏதேனும் உண்டா?

பதில் 4: சங்கப் பணியாளர், பீனிக்ஸ்

கடிதம் உங்கள் கைக்கு வந்த நாளை எழுதுங்கள், முடிவு உங்களுக்குத் தெரியவந்தது அன்றுதான். வந்த மின்னஞ்சலை அச்சிட்டு இணைத்துவிடுங்கள். இரு கணக்கின்படியும் நீங்கள் கெடுவுக்குள் இருக்க வேண்டும் என்பதால், குழு கூடிய நாளிலிருந்தும் ஒருமுறை எண்ணிப் பாருங்கள். அது 90ஐ நெருங்கியிருந்தால் நாளைக்கே போட்டுவிடுங்கள்.

படிவத்தை முதலில் பல்கலைக்கழகத்துக்கு அனுப்பி, அனுப்பியதற்கான சான்றோடுதான் சி.சி.எம்.ஏ.வுக்குத் தர வேண்டும். மின்னஞ்சலில் அனுப்பினால் அனுப்பிய பக்கத்தின் அச்சுப்படி போதும். பதிவுத் தபால் என்றால் ரசீது. பலரும் இதை மறந்து படிவம் திரும்பி வந்து ஒரு வாரத்தை இழக்கிறார்கள். கடைசிப் பக்கத்தில் கையெழுத்து விட்டுப்போகாமல் பாருங்கள். யாழ்ப்பாணத்துத் தம்பி சொன்ன இரண்டு பக்க அட்டவணை விஷயத்தில் அவர் சொன்னதே சரி, நான் அவசரத்தில் அதிகமாகச் சொல்லிவிட்டேன். ஆனால் அதைப் படிவத்தோடு இணைக்க வேண்டாம், சமரசத்துக்கு வரும் நாளில் கையில் கொண்டு வாருங்கள். அந்த வருகைப் பதிவின் நகலை மட்டும் மூன்று பிரதிகள் எடுத்து, ஒன்றை வீட்டில் வையுங்கள்.